இரண்டு பக்கமும் நியாயம் இருக்கும்போது முடிவெடுப்பது எப்படி?

காவிரிப் பாசனப் பகுதியில் ஒரு வாய்க்காலுக்கோ கோயிலுக்கோ பள்ளிக்கூடத்துக்கோ பொறுப்பேற்றுக்கொண்டவர் எவரும் ஓரிரு ஆண்டுகளுக்குள் ஒன்றை உணர்ந்துவிடுவார். திருடியவனையும் பறிகொடுத்தவனையும் எதிரெதிரே நிறுத்தித் தீர்ப்புச் சொல்லும் வழக்கு அவரிடம் அபூர்வமாகவே வரும். வந்து நிற்பவர்களில் பெரும்பாலானோர் இரு தரப்பிலும் உண்மையைத்தான் சொல்வார்கள், கேட்பதும் நியாயமாகத்தான் இருக்கும், இருந்தும் ஒருவருக்குக் கொடுத்தால் மற்றவருக்கு இல்லை என்றாகும். அப்படிப்பட்ட நேரத்தில் எதை முதலில் கேட்பது, எதைத் தள்ளிவைப்பது, எங்கே கணக்குப் போடுவது, எங்கே கணக்கை மூடிவைப்பது என்பதைத்தான் இங்கே எழுதுகிறேன். வெண்ணாற்றுப் பாசனத்தில் ஒரு சிறு வாய்க்காலின் கூட்ட நோட்டைப் பல ஆண்டுகளாக எழுதி வருகிறேன். மழைக்கால இரவுகளில் அறவியலும் அரசியல் தத்துவமும் படிக்கும் பழக்கமும் உண்டு. இரண்டாவதைவிட முதலாவதே எனக்கு அதிகம் கற்றுக்கொடுத்தது.

படித்தவற்றுள் இந்த வேலைக்கு நேரடியாக உதவியது ஐசையா பெர்லினின் ஒரு கருத்து. ரிகாவில் 1909இல் பிறந்து ஆக்ஸ்ஃபோர்டில் ஆசிரியராக இருந்த அவர், 1958இல் சுதந்திரத்தின் இரு வகைகளைப் பற்றி நிகழ்த்திய பேருரையின் முடிவில், மனிதர் நாடும் நன்மைகள் பல என்றும், அவை அனைத்தும் ஒன்றோடொன்று இசைந்துபோகும் என்று நம்புவதற்கு ஆதாரம் இல்லை என்றும், ஒன்றைப் பெற மற்றொன்றை இழக்க வேண்டிய நிலை மனித வாழ்க்கையை விட்டு நீங்காது என்றும் வாதிட்டார். மனிதர் உயர்வாக மதிக்கும் இத்தகைய நன்மைகளை விழுமியங்கள் என்றும், இந்தக் கருத்தை விழுமியப் பன்மைவாதம் என்றும் சொல்கிறோம். "எல்லாம் அவரவர் பார்வையைப் பொறுத்தது" என்ற சார்புவாதத்தோடு இதைக் குழப்பிக்கொள்பவர்கள் உண்டு. சார்புவாதி இருவரில் எவர் சொல்வதும் மெய்யான நியாயம் இல்லை என்று சொல்லிவிட்டுத் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்துபோகலாம். பன்மைவாதிக்கு அந்த வசதி கிடையாது. இரண்டும் மெய்யான நியாயம் என்று அவர் ஏற்றுக்கொண்டுவிட்டதால், எதைக் கைவிட்டாலும் அதற்கு அவர் பதில் சொல்லியாக வேண்டும்.

பற்றாக்குறையா, விழுமிய மோதலா?

வழக்கைக் கேட்டதும் உங்களை நீங்களே கேட்டுக்கொள்ள வேண்டிய முதல் கேள்வி, மேட்டூர் அணை 120 அடி நிரம்பி நின்றாலும் இந்தச் சண்டை இருக்குமா என்பதுதான். அணையின் முழுக் கொள்ளளவான 93.47 டி.எம்.சி. (ஒரு டி.எம்.சி. என்பது நூறு கோடி கன அடி) தண்ணீரும் இருந்து, ஜூன் 12 அன்று வழக்கப்படி திறந்து, ஆறுகளில் கரை தட்டி ஓடினால் மறைந்துவிடுகிற சண்டை, அடிப்படையில் பற்றாக்குறைச் சண்டை. அங்கே தத்துவம் பேசுவதைவிட வாய்க்காலைத் தூர்வாருவதும், மதகின் பலகையைச் சரிசெய்வதும், குறைந்த நாள் ரக நெல்லைத் தேடுவதும் பயன் தரும்.

மாநிலங்களுக்கிடையிலான காவிரி வழக்கே இதற்குப் பெரிய எடுத்துக்காட்டு. 1990இல் அமைக்கப்பட்ட நடுவர் மன்றத்தின் முன் தமிழ்நாடு 562 டி.எம்.சி. கேட்டது, கர்நாடகம் 465 டி.எம்.சி. கேட்டது, இரண்டையும் கூட்டினாலே 1027 ஆகிறது. மன்றம் பங்கிட எடுத்துக்கொண்ட மொத்த நீரோ 740 டி.எம்.சி. தான். கேட்டவர்கள் அனைவரும் நல்லவர்களாக இருந்திருந்தாலும் அந்தக் கணக்கு கட்டியிருக்காது. ஆனாலும் குறைவானதை எந்த அடிப்படையில் பங்கிடுவது என்ற இடத்துக்கு வந்ததும் விழுமியங்கள் உள்ளே நுழைந்துவிடுகின்றன. நெடுங்காலமாகப் பாய்ச்சி வருகிறவரின் உரிமை பெரிதா, இப்போதுதான் சாகுபடிக்கு வந்தவரின் தேவை பெரிதா, வயலுக்கு முன்னால் குடத்துக்கு ஊற்ற வேண்டுமா என்ற கேள்விகளுக்கு அணையின் அளவுகோலில் பதில் கிடைக்காது.

மறுபக்கத்தில், அணை நிரம்பினாலும் தீராத சண்டைகள் இருக்கின்றன. கதிரறுக்கும் இயந்திரம் வயலில் இறங்கும் நாளை எண்ணிப் பாருங்கள். ஆட்கள் பலர் சேர்ந்து ஒரு நாள் அறுக்கும் ஏக்கரை அது ஏறத்தாழ ஒரு மணி நேரத்தில் முடித்துவிடுகிறது. தை மாதத்தில் வானம் மூட்டமாக இருக்கும்போது ஒரு விவசாயிக்கு அந்த ஒரு மணி நேரம் ஆண்டு முழுவதன் உழைப்பைக் காப்பாற்றும் நேரம். அறுப்புக் கூலியை நம்பியிருக்கும் பெண்களுக்கோ அது ஆண்டு முழுவதும் காத்திருந்த வேலை கைநழுவும் நேரம். நல்ல விளைச்சல் வந்த ஆண்டில்கூட இந்த மோதல் குறைவதில்லை. இங்கேதான் விழுமியங்களை நேருக்கு நேர் பார்க்கிறோம், பின்வரும் வழிமுறை முழுவதும் இத்தகைய வழக்குகளுக்கே உரியது.

முகமூடியைக் கழற்றிப் பாருங்கள்

விழுமியத்தின் பெயரைச் சொல்லி வருவதெல்லாம் விழுமியம் ஆகிவிடாது. "ஊர் ஒற்றுமை" என்ற சொல் எங்கள் பகுதியில் உண்மையான ஒற்றுமைக்காகவும் பேசப்பட்டிருக்கிறது, ஒரு தெருவின் வாயை அடைப்பதற்காகவும் பேசப்பட்டிருக்கிறது. ஆகவே பேசுகிறவர் இடம் மாறி உட்கார்ந்தாலும் இதையே பேசுவாரா என்று பாருங்கள். வாய்க்காலின் தொடக்கமான தலைமடையில் நிலம் உள்ளவர் "முதலில் வருகிற தண்ணீர் முதலில் உள்ள வயலுக்கு" என்கிறார். அவருக்கே வாய்க்காலின் கோடியான கடைமடையிலும் ஐந்து மா (மா என்பது ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு ஏக்கர்) நிலம் இருந்தால் அந்தக் கோட்பாட்டை அங்கேயும் ஏற்றுக்கொள்வாரா? எங்கள் வாய்க்காலில் இரண்டு இடத்திலும் நிலம் உள்ள ஒருவர் இருக்கிறார். அவர் பேச்சை நான் எப்போதும் கவனமாகக் கேட்பேன், ஏனென்றால் அவர் எந்தக் கொள்கையைச் சொன்னாலும் அவருடைய ஒரு கை மறு கைக்குப் பதில் சொல்ல வேண்டியிருக்கும்.

இன்னொரு எச்சரிக்கையையும் இங்கேயே சொல்லிவிட வேண்டும். 1968 டிசம்பர் 25 இரவில் கீழ்வெண்மணியில் விவசாயத் தொழிலாளர் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர் ஒரு குடிசைக்குள் வைத்து எரித்துக் கொல்லப்பட்டனர். கூலி உயர்வும் சங்கம் வைக்கும் உரிமையுமே அதற்கு முன் நடந்த தகராறின் மையம். சொத்துரிமைக்கும் உழைப்பின் உரிமைக்கும் நடந்த மோதல் என்று அதை வகுப்பறையில் விளக்குகிறவர்களைக் கேட்டிருக்கிறேன். எனக்கு அது ஒப்பவில்லை. கூலி எவ்வளவு என்பதில் இரு நியாயங்கள் இருந்திருக்கலாம். தீ வைத்ததில் ஒரு நியாயமும் இல்லை. கொடுமையைக் கொடுமை என்று சொல்ல வேண்டிய இடத்தில் "இரு தரப்பு நியாயம்" என்று பேசுவது, இந்த வழிமுறை தவறாகப் பயன்படும் வழிகளிலேயே மிக மோசமானது. அடுத்த ஆண்டு, 1969இல், விவசாயத் தொழிலாளர் நியாயக் கூலிச் சட்டம் வந்தது. கூலி எவ்வளவு என்ற உண்மையான விவாதத்துக்கு அதுவே உரிய இடம்.

எதிர்த்தரப்பின் வாதத்தை அவரே தலையாட்டும்படி சொல்லுங்கள்

2012இல் மேட்டூர் செப்டம்பர் 17 அன்றுதான் திறக்கப்பட்டது. குறுவை போயிற்று, சம்பாவும் நடவுக்குத் தாமதமாகிவிட்டதால் பலர் நேரடி விதைப்புச் செய்தார்கள். 2013 பொங்கலுக்கு நான்கைந்து நாட்கள் இருந்தபோது எங்கள் வாய்க்காலில் முழங்கால் அளவுகூடத் தண்ணீர் இல்லை. தலைமடையில் பயிர் தொண்டைக்கதிரில், அதாவது கதிர் வெளிவரும் தறுவாயில், நின்றது. இரண்டு மைல் கீழே கடைமடையில் பயிர் அதைவிட இளசு. தண்ணீர் பாய்ச்சும் முந்தைய முறையில் கடைமடைக்காரர்கள் தங்கள் பங்கை விட்டுக்கொடுத்திருந்தார்கள், அடுத்த முறை தங்களுக்கு என்ற பேச்சின் பேரில். இடையில் ஆடுமாடு தண்ணீர் குடிக்கிற குட்டை ஒன்று காய்ந்து கிடந்தது. அதை ஒட்டிய தெருவின் கைபம்பும் அந்தக் குட்டை நிரம்பினால்தான் ஊறும்.

மதகடியில் தலைமடைப் பெரியவர் ஒருவர் மண்வெட்டியை ஊன்றிக்கொண்டு, "தம்பி, சூல் பயிருப்பா இது. இன்னும் ஒரு தண்ணி காட்டுனா கரையேறிடும், இல்லேன்னா பதராப் போயிடும்" என்றார். கடைமடையிலிருந்து சைக்கிளில் வந்திருந்தவர் அவரைப் பார்த்து, "அண்ணே, ஒங்க பயிரு சூலுன்னா எங்க பயிரு பச்சப்புள்ள. போன மொற நீங்க கேட்டீங்க, விட்டோம். இப்பவும் கேக்குறீங்க" என்றார். இருவரும் குரலை உயர்த்தவில்லை. உயர்த்தியிருந்தால் எனக்கு எளிதாக இருந்திருக்கும்.

அன்று நான் செய்த ஒரே நல்ல காரியம், பெரியவரிடம் கடைமடைக்காரரின் வாதத்தையும் கடைமடைக்காரரிடம் பெரியவரின் வாதத்தையும் சொல்லச் சொன்னதுதான். பெரியவர் சற்று நேரம் தரையைப் பார்த்துவிட்டு, "வாக்குக் குடுத்தாச்சுங்கறாங்க, அதானே" என்றார். "அது மட்டும் இல்லண்ணே, எங்களுக்கு எப்பவுமே அடுத்த மொறதான்" என்று மற்றவர் திருத்தினார். அந்தத் திருத்தத்தில்தான் வழக்கு எனக்கு முழுமையாகப் புரிந்தது. நான் அதுவரை பயிரின் தேவையும் கொடுத்த வாக்கும் மோதுவதாக நினைத்திருந்தேன். கடைமடைக்காரர் பேசியது அதற்கும் அப்பால், ஆண்டாண்டாகத் தொடரும் சமமின்மையைப் பற்றி. மோதுகிற விழுமியங்கள் எவை என்று நீங்களாகப் பட்டியல் போடாதீர்கள். அவரவர் வாயால் வரட்டும், எதிரில் நிற்பவர் தலையாட்டும் வரை திருத்தப்படட்டும்.

எதைத் தராசில் ஏற்றக்கூடாது?

எடைபோடத் தொடங்குமுன் சிலவற்றைத் தராசிலிருந்து இறக்கி வைத்துவிட வேண்டும். அமெரிக்கத் தத்துவவாதி ஜான் ராலஸ் 1971இல் முன்வைத்த நீதிக் கோட்பாட்டில் அடிப்படைச் சுதந்திரங்களுக்கு அகராதி வரிசை போன்ற முன்னுரிமை கொடுத்தார்: அகராதியில் 'அ' முடிந்த பிறகே 'ஆ' வருவதுபோல, முதலாவது நிறைவேறிய பிறகே இரண்டாவதைப் பற்றிப் பேச்சு. நமக்கு இது புதிதல்ல. 323ஆம் குறள் கொல்லாமையை முதலிலும் பொய்யாமையை அதன் பின்னாலும் நிறுத்துகிறது. இரண்டும் அறம் என்று சொல்வதோடு நிற்காமல், மோதினால் எது முன்னால் என்பதையும் அது தீர்த்துவிடுகிறது. உச்ச நீதிமன்றமும் 2018 பிப்ரவரி 16 அன்று அளித்த காவிரித் தீர்ப்பில் குடிநீர்த் தேவையை மற்றத் தேவைகளைவிட உயர்ந்த இடத்தில் வைத்தது. கர்நாடகத்துக்குக் கூடுதலாக அளித்த 14.75 டி.எம்.சி.யில் 4.75 டி.எம்.சி. பெங்களூரின் குடிநீர் உள்ளிட்ட தேவைக்கு என்று கணக்கிடப்பட்டது. அந்தத் தீர்ப்பால் தமிழ்நாட்டின் பங்கு நடுவர் மன்றம் ஒதுக்கிய 419இலிருந்து 404.25 டி.எம்.சி.யாகக் குறைந்தபோது எங்கள் ஊரில் கொதிப்பு இருந்தது, எனக்கும் இருந்தது. ஆனால் எங்கள் வாய்க்காலில் குட்டைக்கு முதல் தண்ணீர் என்று நான் வாதாடியபோது கையாண்டதும் அதே கொள்கைதான் என்பதை மறைக்க முடியவில்லை. கொள்கையை ஏற்றுக்கொண்டு, ஒரு நகரம் தன் ஏரிகளைப் பேணாமல் விட்டுவிட்டுக் காவிரியைக் கேட்கலாமா என்று கேட்பது நேர்மையான எதிர்ப்பு. நமக்கு நட்டம் வரும்போது மட்டும் கொள்கையையே மறுப்பது நேர்மை ஆகாது.

இறக்கி வைக்கும் பட்டியல் மிகச் சிறியதாக இருக்கட்டும். உயிர், குடிநீர், மனிதரின் மானம் என்ற அளவில் நிறுத்திக்கொள்ளுங்கள். அதைத் தாண்டினால் ஒவ்வொருவரும் தம் கோரிக்கையைப் பட்டியலில் ஏற்றிக்கொண்டு, இதில் விவாதத்துக்கே இடமில்லை என்று உட்கார்ந்துவிடுவார்கள்.

ஒரே மரக்காலால் எல்லாவற்றையும் அளக்காதீர்கள்

படித்த இளைஞர்களிடம் நான் அதிகம் காணும் தவறு, எல்லாவற்றையும் ரூபாயாக மாற்றிக் கூட்டிக் கழிப்பது. தலைமடையில் இத்தனை ஏக்கர், ஏக்கருக்கு இத்தனை மூட்டை, கடைமடையில் இத்தனை, எந்தப் பக்கம் தண்ணீர் விட்டால் மொத்த மூட்டை அதிகமோ அந்தப் பக்கம் விடு என்பார்கள். ஆங்கிலச் சிந்தனையாளர் பெந்தாம் முதல் தொடரும் பயன்வாதத்தின் வழி இது. இதைக் கேலி செய்யமாட்டேன். ஒரே விவசாயியின் இரண்டு வயல்களுக்கு இடையில் முடிவு செய்வதாக இருந்தால் நானும் இதைத்தான் செய்வேன். வயல்கள் வேறுவேறு ஆட்களுடையவையாக இருக்கும்போதுதான் சிக்கல்: ஒருவர் வீட்டில் கூடிய மூட்டை இன்னொருவர் வீட்டுப் பட்டினியை ஆற்றுவதில்லை.

அமர்த்திய சென் 2009இல் ஓர் எடுத்துக்காட்டைச் சொன்னார்: ஒரு புல்லாங்குழலை மூன்று குழந்தைகள் கேட்கிறார்கள், ஒருத்திக்கு மட்டும் வாசிக்கத் தெரியும், ஒருவனுக்கு விளையாட வேறு பொருளே இல்லை, ஒருத்தி அதைத் தன் கையால் செய்தவள். மூன்று வாதங்களும் மூன்று வேறு நீதிக் கோட்பாடுகளில் வேரூன்றியவை, ஒன்றை அளக்கும் படியால் மற்றொன்றை அளக்க முடியாது. எங்கள் மதகடியிலும் அந்த மூவரும் நின்றார்கள்: தண்ணீரை உடனே நெல்லாக்கக்கூடிய பயிர் வைத்திருந்தவர், அந்த வெள்ளாமையை விட்டால் வேறு வருமானமே இல்லாத குத்தகைதாரர், கோடையில் கூலி வாங்காமல் வாய்க்கால் வெட்டியவர்கள்.

அளவுகோல் பலவாக இருந்தால் முடிவே எடுக்க முடியாது என்று கவலைப்பட வேண்டாம். தத்துவவாதி டபிள்யூ. டி. ராஸ் 1930இல் இதற்கு ஒரு நடைமுறை வழி காட்டினார். வாக்கைக் காப்பது, நன்றி பாராட்டுவது, தீங்கு செய்யாமை, செய்த தீங்குக்கு ஈடு செய்வது போன்ற கடமைகள் பல. ஒவ்வொன்றும் முதல் பார்வைக்கு நம்மைக் கட்டுப்படுத்துகிறது. எது இந்த இடத்தில் மேலோங்குகிறது என்பதை இந்த இடத்தை முழுமையாகப் பார்த்துத்தான் சொல்ல முடியும். "இந்த இடத்தில்" என்பதை அழுத்திப் படியுங்கள். வாக்கு பெரிதா, தேவை பெரிதா என்று நிரந்தரத் தீர்ப்பு எழுத நீங்கள் உட்காரவில்லை. இந்த முறைத் தண்ணீருக்கு மட்டும் முடிவு சொல்ல வந்திருக்கிறீர்கள். அரசும் இப்படித்தான் நடந்துவந்திருக்கிறது. தமிழ்நாட்டின் நில உச்சவரம்பு 1961 சட்டத்தில் ஒரு குடும்பத்துக்கு 30 தர ஏக்கராக (நிலத்தின் தரத்தை வைத்துக் கணக்கிடும் ஏக்கர்) இருந்து, 1970இல் 15 தர ஏக்கராகக் குறைக்கப்பட்டது. சொத்துரிமையும் சமத்துவமும் அந்த ஒன்பது ஆண்டுகளில் தங்கள் இயல்பை மாற்றிக்கொள்ளவில்லை, எடை மாறியது. பிறகு 1978இல், 44ஆம் திருத்தத்தில், சொத்துரிமை அடிப்படை உரிமைகளின் பட்டியலிலிருந்தே எடுக்கப்பட்டுச் சட்ட உரிமையாக வேறிடத்தில் வைக்கப்பட்டது.

பாதிப் பாதி என்பது சமரசம் ஆகாது

சண்டை பிடிக்காதவர்கள் சட்டென்று கைநீட்டும் தீர்வு, ஆளுக்குப் பாதி. வரப்பில் நின்றவர்களுக்கு இதன் ஆபத்து தெரியும். முழங்கால் அளவுகூட இல்லாத தண்ணீரை எல்லா மடைகளுக்கும் சமமாகத் திறந்துவிட்டால், அது தலைமடை வயலின் வெடிப்புகளுக்குள்ளேயே இறங்கிவிடும். கடைமடைக்கு ஈரம்கூடப் போகாது. இரு பக்கமும் சமமாக நடத்தப்பட்டோம் என்ற திருப்தியோடு இரு பக்கப் பயிரும் கருகும். பாதியாக்கினால் தன் தன்மையை இழந்துவிடுகிற நன்மைகள் உண்டு: பாதி வாக்கு வாக்காகாது, பாதி இரகசியம் இரகசியமாகாது.

ஆகவே பொருளைப் பிரிக்க முடியாதபோது காலத்தைப் பிரியுங்கள். முறை வைத்துப் பாய்ச்சுவது என்ற பழக்கத்தை நாம் பொறியியல் ஏற்பாடாக மட்டுமே நினைக்கிறோம். என் கணிப்பில் அது இந்த மண் கண்டுபிடித்த மிகச் சிறந்த அறவியல் கருவிகளில் ஒன்று. மூன்று நாள் முழுத் தண்ணீர் உனக்கு, மூன்று நாள் முழுத் தண்ணீர் எனக்கு என்னும்போது இரு நியாயங்களும் தம் நாளில் முழுமையாக நிறைவேறுகின்றன. காலத்தையும் பிரிக்க முடியாத இடத்தில், எடையும் ஏறத்தாழச் சமமாக இருந்தால், சீட்டுப் போடலாம். குடவோலை கண்ட நாட்டில் இதற்கு வெட்கப்பட ஒன்றுமில்லை.

விதியும் இரக்கமும் மோதும் இடத்தில் இன்னொரு நுட்பம் உதவும். நேரடி நெல் கொள்முதல் நிலையத்தில் நெல்லின் ஈரப்பதம் வழக்கமாக 17 சதவீதத்துக்கு மேல் இருக்கக்கூடாது. பனி பெய்யும் தை மாதக் காலையில், ஒன்றரை ஏக்கர் குத்தகைச் சாகுபடி செய்த ஒருவரின் நெல்லை ஈரமானியில் போட்டால் 18 என்று காட்டுகிறது. அவருக்குத் தளர்த்தினால், இரண்டு நாள் சாலையோரத்தில் நெல்லைக் கொட்டிக் கால்களால் கிண்டிக் காயவைத்து வந்து வரிசையில் நிற்கிறவர்களுக்கு என்ன பதில்? தளர்த்தாமல் திருப்பி அனுப்பினால், வாடகை வண்டிக்கு இன்னொரு முறை கொடுக்க அவரிடம் காசு கிடையாது. வள்ளுவர் செங்கோன்மை அதிகாரத்தில் யாரிடத்தும் கண்ணோடாமல் முறை செய்யச் சொல்லுகிறார். கண்ணோட்டம் அதிகாரத்திலோ, 578ஆம் குறளில், "கருமம் சிதையாமல் கண்ணோட வல்லார்"க்கு இவ்வுலகம் உரியது என்கிறார். இந்த இரண்டையும் ஒன்றோடொன்று முரணாகவே பல ஆண்டுகள் படித்துவந்தேன். பிறகு ஒரு நிலையத்தில், அந்த ஆள் களத்தின் ஓரத்திலேயே தார்ப்பாயை விரித்து நெல்லைக் காயவைக்கவும், மாலைவரை அவருடைய மூட்டைகளின் வரிசை எண் அப்படியே நிற்கவும் ஏற்பாடு செய்ததைப் பார்த்தேன். 17 என்ற எண் அசையவில்லை. அவர் இன்னொரு வண்டி பிடிக்கவும் நேரவில்லை. விதி எதைக் காப்பதற்காக இருக்கிறதோ அதைத் தொடாமல், விதியின் ஓரத்தில் எங்கே இளக்கம் இருக்கிறது என்று தேடுங்கள். பல நேரங்களில் இருக்கும், நாம்தான் தேடுவதில்லை.

கூட்டத்தில் யார் இல்லை?

இதைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். 2000ஆம் ஆண்டுச் சட்டப்படி அமைந்த பாசன சபைகளில் நிலத்தை வைத்தே உறுப்பினர் ஆகிறார்கள். நாற்றுப் பறிக்கிறவரும் களையெடுக்கிறவரும் அங்கே வருவதில்லை. கிராம சபையில் அவர்களுக்கு இடம் உண்டு. ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1 என ஆண்டில் ஆறு நாட்கள் அது கூடுகிறது. தண்ணீர் முடிவை அந்த நாட்கள் வரை தள்ளிவைக்க முடியாது என்பது உண்மைதான். ஆனால் முறை வைப்பதன் பொது விதியை அங்கே பேசி வைத்துக்கொள்ள முடியும், நெருக்கடி வராத நாளில், யாருடைய பயிர் எந்த நிலையில் இருக்கும் என்று எவருக்கும் தெரியாதபோது. தன் இடம் எது என்று தெரியாமலே விதி வகுக்கச் சொல்லும் ராலஸின் அறியாமைத் திரையை ஆடி மாதத்திலேயே போட்டுக்கொள்வது போன்றது அது.

தோற்ற நியாயத்தைக் கணக்கில் எழுதுங்கள்

முடிவு சொன்னதும் வேலை முடிந்துவிட்டது என்று எழுந்துவிடாதீர்கள். ஆங்கிலத் தத்துவவாதி பெர்னார்ட் வில்லியம்ஸ் 1965இல் எழுதிய ஒரு கட்டுரையில் ஒரு வேறுபாட்டைச் சுட்டிக்காட்டினார். இரண்டு நம்பிக்கைகள் மோதும்போது ஒன்று பொய் என்று தெரிந்தால் அது அத்தோடு மறைந்துவிடுகிறது. இரண்டு கடமைகள் மோதி ஒன்றைச் செய்தபின், செய்யாமல் விட்ட கடமை மறைவதில்லை. அது மிச்சமாக நின்று வருத்தமாகவோ, ஈடு கொடுக்க வேண்டிய பொறுப்பாகவோ தொடர்கிறது. நம் பேச்சு வழக்கில் அதற்குப் பாக்கி என்று பெயர்.

திருவாரூரில் மனுநீதிச் சோழனின் கல்தேரைப் பார்க்கிறவர்கள் அரசனையும் மகனையும் கன்றையும் நினைக்கிறார்கள். சேக்கிழார் சொல்லும் கதையில் இன்னொருவர் இருக்கிறார்: இளவரசன்மேல் தேரைச் செலுத்த ஏவப்பட்ட அமைச்சர், ஆணையை மீறவும் மனமில்லாமல் கொலை செய்யவும் மனமில்லாமல் தம் உயிரையே விடுகிறார். அரசனின் நீதி நிறைவேறுவதற்கு முன்பே அதன் பாக்கியை ஒருவர் கட்டிவிடுகிறார். கதையின் முடிவில் இறைவன் தோன்றுகிறார், கன்றும் மகனும் அமைச்சரும் எழுந்து வருகிறார்கள். எங்கள் வாய்க்காலில் அப்படி யாரும் எழுந்து வரவில்லை.

2013இல் நாங்கள் எடுத்த முடிவு இதுதான். முதலில் குட்டை நிரம்பட்டும். பிறகு இரண்டு இரவுகள் மட்டும் தலைமடையில் தொண்டைக்கதிரில் நின்ற வயல்களுக்கு. மற்ற மடைகள் அத்தனையும் அடைக்கப்படட்டும். அதன்பின் கொடுத்த வாக்கின்படி தண்ணீர் முழுவதும் கடைமடைக்கு. பெரும்பாலான பயிர் பிழைத்தது. ஆனால் மூன்றாம் மடையில் மேட்டுப்பாங்கான மூன்று மா நிலத்தைக் குத்தகைக்கு வைத்திருந்த ஒருவரின் பயிர், தொண்டைக்கதிருக்கு வராததால் தலைமடைக் கணக்கிலும் சேராமல், இடத்தால் கடைமடைக் கணக்கிலும் சேராமல், முழுதும் காய்ந்துபோயிற்று. அவர் எங்களைத் திட்டவில்லை. முடிவு சரிதான் என்றே சொன்னார். அடுத்த கூட்டத்துக்கு அவர் வரவில்லை, அதற்கடுத்த கூட்டத்துக்கும் வரவில்லை. நோட்டைப் புரட்டிப் பார்த்தேன்: எந்த மடைக்கு எத்தனை நாள் என்பதை என் கையெழுத்தில் தெளிவாக எழுதியிருந்தேன், அவரைப் பற்றி ஒரு வரி இல்லை. தவறு முடிவில் இல்லை. முடிவுக்காக யார் விலை கொடுத்தார் என்பதை எழுதாமல் விட்ட என்னிடம் இருந்தது.

அதன்பிறகு நோட்டில் இரண்டு பத்திகள் வைத்திருக்கிறோம். இடதுபக்கம் தீர்மானம், வலதுபக்கம் அந்தத் தீர்மானத்தால் எந்த நியாயம் தள்ளிவைக்கப்பட்டது, யாருக்கு, எப்போது, எப்படி ஈடு செய்யப்படும் என்பது. ஈடு எப்போதும் பணமாக இருக்க வேண்டியதில்லை: அடுத்த முறையில் முதல் தண்ணீர், கோடை வெட்டு வேலையிலிருந்து ஒரு ஆண்டு விலக்கு, வரப்பைத் தாழ்த்த நான்கு ஆள் உதவி என்று எதுவாகவும் இருக்கலாம். வலதுபக்கத்தில் எழுதுவதற்கு ஒன்றுமே இல்லை என்று யாராவது சொன்னால், தீர்மானத்தை அப்படியே நிறுத்திவைத்து மீண்டும் ஒரு சுற்றுப் பேசுகிறோம். யாரையோ மறந்திருக்கிறோம் என்று பொருள்.

2016இலும் மேட்டூர் செப்டம்பரில்தான் திறந்தது. அந்த ஆண்டின் முதல் கூட்டத்தில், பேச்சுத் தொடங்குமுன், வலதுபக்கப் பாக்கிகளை வாசிக்க வேண்டும் என்று வைத்திருந்த விதிப்படி நான் நோட்டைத் திறந்தேன். மூன்றாம் மடை என்று தொடங்கியதும், பின்வரிசையில் தூணைப் பிடித்தபடி நின்ற ஒருவர், "அந்த வரிய இன்னொருக்கா படிங்க" என்றார். படித்தேன். அவர் வந்து முன்னால் உட்கார்ந்தார்.